எந்தச் சாமிக்கு நேர்ந்துக்கிட்டேன்?

தாருணி: இது இல்ல.

நரிசரா: நல்லாப் பாருங்கம்மா. நீங்க சொன்ன அடையாளம் எல்லாம் இருக்கு. இடிஞ்ச கோபுரம், தலையில்லாத புத்தர், பெரிய மரம், பின்னாடி ஆறு...

தாருணி: நாய் எங்க?

நரிசரா: எந்த நாய்?

தாருணி: செவலை நாய் ஒண்ணு படுத்திருந்துச்சுன்னு சொன்னேன்ல.

நரிசரா: அம்மா, அது போன வருஷம் படுத்திருந்த நாய். இன்னுமா எழுந்திரிக்காம இருக்கும்?

சவாங்: அதோ, சுவரோரமா ஒண்ணு இருக்கே. கறுப்பா.

தாருணி: நான் செவலைன்னேன். வண்டி ஓட்டுறவருக்குக் கலர் கூடவா தெரியாது?

சவாங்: வெயில்ல கறுத்திருக்கும்மா.

நரிசரா: சவாங் மாமா, நீங்க கொஞ்சம் சும்மா இருங்க. அம்மா, நான் ஒண்ணு சொன்னா கோவிச்சுக்காதீங்க. இடிஞ்ச கோபுரம், தலையில்லாத புத்தர், மரம், ஆறு... அயுத்தயாவுல இது நாலும் இல்லாத இடம் எதுன்னு கேளுங்க, டக்குனு சொல்லிடுறேன். பஸ் ஸ்டாண்டு.

சவாங்: பஸ் ஸ்டாண்டுலயும் மரம் இருக்கு.

தாருணி: ரெண்டு பேரும் சேர்ந்து என்னைக் கிண்டல் பண்றீங்களா? பாங்காக்ல இருந்து விடியறதுக்குள்ள கிளம்பி வந்திருக்கேன். வேற யாரையும் ஏத்தக் கூடாது, நாள் பூரா எனக்கு மட்டும் ஒரு வழிகாட்டின்னு சொல்லி உன்னைக் கூப்பிட்டிருக்கேன்.

நரிசரா: நான் சரித்திரம் சொல்ற வழிகாட்டிம்மா. எந்த ராஜா எதைக் கட்டினான், எப்ப எரிச்சாங்க, எல்லாம் கேளுங்க. காலையில இருந்து அதுல ஒரு வார்த்தை கேட்டீங்களா?

தாருணி: எரிச்சவனும் செத்தான், கட்டினவனும் செத்தான். அதைக் கேட்டு நான் என்ன பண்ணப் போறேன்? நான் நேர்ந்துக்கிட்ட சாமி எங்க இருக்குன்னு காட்டு, போதும்.

நரிசரா: என்ன நேர்ந்துக்கிட்டோம்னு மறந்தவங்களைப் பார்த்திருக்கேன். யாருக்கு நேர்ந்துக்கிட்டோம்னே மறந்தவங்க நீங்கதாம்மா முதல் ஆளு.

தாருணி: ஏன் மறக்காது? ஒரே நாள்ல ஒம்பது கோயில். எங்க தெருப் பொம்பளைங்க மொத்தப் பேரும் ஒரு பஸ்ல. இறங்கு, கும்பிடு, ஏறு. இறங்கு, கும்பிடு, ஏறு. நாலாவது கோயிலுக்கு மேல புத்தர் முகமே ஒண்ணு மேல ஒண்ணா தெரிய ஆரம்பிச்சுடுச்சு. அதுல எங்கேயோ ஒரு ஓரத்துல ஒரு சாமி மாடம் இருந்துச்சு. மனசு பொறுக்கல, கேட்டுட்டேன். கேட்டது நடந்தா ஒரு கூடை அவிச்ச முட்டை, சிவப்பு சோடான்னு சொல்லிட்டு பஸ் ஏறிட்டேன்.

சவாங்: கேட்டது நடந்துருச்சா?

தாருணி: நடக்காமலா இந்த வெயில்ல முட்டையோட சுத்துறேன்?

சவாங்: முட்டை வாசம் வர ஆரம்பிச்சுடுச்சும்மா. என்னோடது இந்த ஊர்த் தவளை மூஞ்சி ஆட்டோ. சின்ன வண்டி. காத்துப் போக வழி கம்மி.

தாருணி: அப்படின்னா சீக்கிரம் ஓட்டுங்க.

நரிசரா: எங்க ஓட்டுறது? அம்மா, இப்படியே போனா இருட்டிடும். நீங்க என்ன கேட்டீங்கன்னு சொல்லுங்க, நான் சாமியைக் கண்டுபிடிக்கிறேன்.

தாருணி: அதெல்லாம் வெளிய சொல்லக் கூடாது.

நரிசரா: நடக்கறதுக்கு முன்னாடிதான் சொல்லக் கூடாது. நடந்தப்புறம் ஊருக்கே சொல்லலாம். பரீட்சைக்கு ஒரு சாமி, லாட்டரிக்கு ஒரு சாமி, குழந்தை வரத்துக்கு ஒரு சாமி. நீங்க லாட்டரிச் சாமிகிட்ட போய் பேரப்புள்ள கேட்டிருந்தா நடந்திருக்காதுல்ல?

தாருணி: வாய் இருக்கு உனக்கு.

நரிசரா: அதை வெச்சுத்தாம்மா பொழப்பு. சொல்லுங்க.

தாருணி: ...என் மகன் விஷயம். ஒரே பையன். பாங்காக்ல கம்பெனி வேலை. பேரு கோல்ஃப்.

சவாங்: ஹ்ஹம்... ஹ்ஹம்...

தாருணி: என்ன, இருமல்?

சவாங்: புழுதிம்மா. ரோட்டுப் புழுதி.

நரிசரா: மகன்... மகனுக்கு என்ன?

தாருணி: ஒரு பொண்ணு பின்னாடி சுத்தினான். இந்த ஊர்ப் பொண்ணுதான். வெயில்ல ஊர் சுத்தி, கண்டவனுக்கும் இடிஞ்ச செவுத்தைக் காட்டுற வேலையாம். அவகூட இருக்கற பழக்கம் அத்துப் போகணும் சாமின்னு கேட்டேன். அத்துப் போச்சு. அவனே வந்து சொன்னான், 'அம்மா, முடிஞ்சு போச்சு'ன்னு.

நரிசரா: அவரே... வந்து சொன்னாரா?

தாருணி: ஆமா, அவனேதான். இதுக்கு எந்தச் சாமி?

நரிசரா: யோசிக்கிறேன்ம்மா. அந்தப் பொண்ணு பேரு என்ன?

தாருணி: பேரைக் கேட்டா சிரிப்பே. தேங்மோவாம்! பெத்த பொண்ணுக்கு யாராவது தர்பூசணின்னு பேரு வைப்பாங்களா?

சவாங்: அதானே. விளையாட்டுப் பேரா வெச்சிருக்கலாம். கோல்ஃப்னு.

தாருணி: என்ன சொன்னீங்க?

சவாங்: ரோட்டுல குழின்னேன்ம்மா.

தாருணி: கொஞ்சம் நிறுத்துங்க. அந்தக் கோயில் வாசல்ல கழிப்பறை இருக்கு. போயிட்டு ஒரு ஊதுபத்தியும் ஏத்திட்டு வர்றேன். கூடையைப் பார்த்துக்கோ, பொண்ணே. எண்ணிதான் வெச்சிருக்கேன்.

நரிசரா: போயிட்டு வாங்கம்மா. மெதுவா வாங்க... மாமா! மாமா, போச்சு!

சவாங்: போகட்டும், தூரமாப் போகட்டும். கத்தாதே.

நரிசரா: அது என் மாமியார்!

சவாங்: அது எனக்கு 'கோல்ஃப்'ங்கும்போதே தெரிஞ்சு போச்சு தேங்மோ. மாவட்ட ஆபீஸ்ல உங்க கல்யாணத்தைப் பதிஞ்சப்ப சாட்சிக் கையெழுத்துப் போட்டது நான்தானே? ஆமா, உன் பேரைப் பார்த்தும் இந்தம்மாவுக்குத் தெரியலயா?

நரிசரா: வேலைக்கு நான் நரிசராதானே, வீட்டுலதான் தேங்மோ. நம்மள்ல யாரு சர்டிஃபிகேட் பேரைச் சொல்லிக் கூப்பிடுறா? அவரோட முழுப் பேரே எனக்குப் பதிவு பண்ணும்போதுதான் தெரிஞ்சது.

சவாங்: ஆனா அந்தப் பையன் 'முடிஞ்சு போச்சு'ன்னு எதுக்கு அம்மாகிட்ட புளுகினான்?

நரிசரா: தினம் வீட்டுல சண்டை. வாயை அடைக்கறதுக்காக ஒரு பொய்யைச் சொன்னார். நேரம் பார்த்து உண்மையைச் சொல்றேன்னார். அந்த நேரம் இன்னும் வரல.

சவாங்: வந்துருச்சு. முட்டையோட வந்திருக்கு.

நரிசரா: சிரிக்காதீங்க மாமா. இப்ப இந்தம்மா அந்தச் சாமிக்கு நேர்த்திக்கடனைக் கட்டிட்டா என்ன ஆகும்?

சவாங்: என்ன ஆகும்? கடன் தீரும்.

நரிசரா: கேட்டது இன்னும் நடக்கவே இல்ல. நடக்காததுக்குக் கூலி வாங்கிட்டா சாமி சும்மா இருக்குமா? வாங்கினதுக்கு வேலையைச் செஞ்சுடும். எங்க ரெண்டு பேரையும் பிரிச்சுடும்!

சவாங்: அடிப்பாவி. யுனிவர்சிட்டி படிச்சவ நீ. வெள்ளைக்காரங்க கேட்டா 'இதெல்லாம் ஜனங்களோட நம்பிக்கை'ன்னு ஸ்டைலா சொல்லுவியே?

நரிசரா: நான் நம்பலதான். ஆனா நான் நம்பலைங்கறது சாமிக்குத் தெரியணுமே!

சவாங்: சரி, அது எந்தச் சாமின்னாவது தெரியுதா?

நரிசரா: காலையிலேயே சந்தேகம். இப்ப உறுதி. காதல் விஷயம், ஓரமா ஒரு மாடம், ஆத்தங்கரை, செவலை நாய்... மூடிக் கிடக்கற அரிசி மில்லுக்குப் பின்னாடி, பெரிய மரத்துல குடியிருக்கற மரத்தம்மா. அந்த நாய் இன்னும் அங்கதான் படுத்திருக்கு.

சவாங்: கூப்பிடு தூரம். ரெண்டு தெரு தள்ளி.

நரிசரா: அதான் அந்தப் பக்கம் மட்டும் வண்டியைத் திருப்பாதீங்கன்னு கும்பிட்டுக் கேக்கறேன். சாயங்காலம் வரைக்கும் இப்படியே சுத்துவோம். சலிச்சுப் போய் ரயில் ஏறிடுவாங்க.

சவாங்: இது எனக்குப் பிடிக்கல. மரத்தம்மா கணக்குல கை வைக்கற வேலை. எனக்கும் பொண்டாட்டி புள்ளைங்க இருக்கு.

நரிசரா: எனக்குப் புருஷன் இருக்கணும்ல மாமா? வர்றாங்க, வர்றாங்க... என்னம்மா, அதுக்குள்ள ஏத்தியாச்சா?

தாருணி: ஏத்தியாச்சு. என்ன ரெண்டு பேரும் குசுகுசுன்னு?

சவாங்: சாப்பாட்டுக்கு எங்க போகலாம்னு பேசினோம்.

தாருணி: அதைப் பேச மூஞ்சி இப்படி வேர்க்குமா? போங்க, படகு நூடுல்ஸ் கடைக்கு விடுங்க.

நரிசரா: இந்தக் கடைதாம்மா நல்லாருக்கும். உக்காருங்க. கிண்ணம் சின்னது, அஞ்சாறு சொல்லிடட்டுமா?

தாருணி: பத்து சொல்லு. சாமி தேடறது பசிக்கற வேலை. நீ கல்யாணம் ஆனவளா?

நரிசரா: ஆங்... ஆச்சு. இப்பத்தான்.

தாருணி: மாமியார் எப்படி?

நரிசரா: இன்னும்... சரியாப் பழகலம்மா.

தாருணி: பழகாட்டியும் காதுல விழுந்திருக்குமே. சொல்லு, சொல்லு. நான் யார்கிட்டப் போய்ச் சொல்லப் போறேன்?

நரிசரா: வாய் கொஞ்சம் நீளம்னு கேள்வி.

தாருணி: அப்புறம்?

நரிசரா: பிடிவாதம். தான் பிடிச்ச முயலுக்கு மூணு கால்.

தாருணி: அப்புறம்?

நரிசரா: மகனை இன்னும் தொட்டில்ல போட்டு ஆட்டுற மாதிரி நினைப்பு.

சவாங்: தேங்மோ! அந்த மிளகாய்ப் பொடியை இப்படித் தள்ளு... ஐயய்யோ.

தாருணி: யாரைக் கூப்பிட்டீங்க?

சவாங்: கடைக்காரம்மாவைத்தான்... தேங்மோ ஜூஸ் ஒண்ணு கேட்டேன். ஐஸ் போட்டு. தர்பூசணி வெயிலுக்கு நல்லதாச்சே.

தாருணி: எனக்கும் ஒண்ணு சொல்லுங்க. குடிச்சுப் பார்க்கறேன், அதுல அப்படி என்ன இருக்குன்னு. என் மகனுக்கு உசுரா இருந்துச்சு.

நரிசரா: அம்மா, தப்பா நினைக்காதீங்க. அந்தப் பொண்ணை நீங்க பார்த்தது கூட இல்லல்ல?

தாருணி: பார்க்கணுமா? மீன் உருண்டைக் கடை வெச்சிருக்கேன். மீனை முகர்ந்தாலே தெரியும்.

நரிசரா: முகரவும் இல்லையேம்மா. பாங்காக்ல இருந்துக்கிட்டு அயுத்தயா மீனை எப்படி முகர்ந்தீங்க?

தாருணி: உனக்கு ஏன் இவ்வளவு ரோஷம்? உன் சொந்தமா அவ?

நரிசரா: சொந்தமா... ஒரே தொழில். அந்த வெயில்ல நிக்கறது எனக்குத் தெரியும், அதான் சொல்றேன். சம்பாதிச்சு தன் கால்ல நிக்கற பொண்ணு. உங்க மகனுக்குப் பிடிச்சிருந்துச்சு. ஒரு தடவை கூப்பிட்டு ஒரு கிண்ணம் நூடுல்ஸ் வாங்கிக் கொடுத்துப் பேசியிருந்தா, இந்த முட்டையெல்லாம் மிச்சம் ஆயிருக்கும்ல?

தாருணி: ம்... நீ ஏன் சாப்பிடாம இருக்கே? நீ மூணு கிண்ணத்துலயே நிக்கறே. எலும்பும் தோலுமா இருக்கே. சாப்பிடு.

நரிசரா: போதும்மா.

தாருணி: சாப்பிடுங்கறேன்ல. நான் வாங்கிக் கொடுக்கறேன். இந்தா, இந்தக் கறித் துண்டையும் எடுத்துக்கோ.

சவாங்: நானும் ரெண்டு கிண்ணத்துலதான் நிக்கறேன்மா.

தாருணி: உங்க முன்னாடி அடுக்கி இருக்கறதை நான் பார்க்கலைன்னு நினைச்சீங்களா? கிளம்புங்க. இப்ப எந்தக் கோயில்?

நரிசரா: தெற்குப் பக்கம் ஒண்ணு இருக்கும்மா. தூரம்தான். ஆனா ரொம்ப சக்தி.

தாருணி: எதுக்குச் சக்தி?

நரிசரா: எல்லாத்துக்கும்.

தாருணி: எல்லாத்துக்கும் சக்தின்னா எதுக்கும் இல்லைன்னு அர்த்தம். ட்ரைவர், நேரா போங்க... போங்க... இந்த முக்குல இடது பக்கம்.

நரிசரா: இடது பக்கம் ஒண்ணும் இல்லம்மா! ரோடு வேலை நடக்குது!

தாருணி: நடக்கட்டும். அந்தக் காத்துல ஒரு வாசம் வருது பாரு. ஆத்து வாசம். எனக்கு ஞாபகம் வர்ற மாதிரி இருக்கு. இடது பக்கம் திருப்புங்க.

நரிசரா: மாமா, வலது பக்கம்!

சவாங்: வலதுன்னா நீ திட்ட மாட்டே. இடதுன்னா இந்தம்மா திட்ட மாட்டாங்க. திருப்பலைன்னா மரத்தம்மா திட்டும். மன்னிச்சுக்கோ பொண்ணே, இடதுதான்.

நரிசரா: மாமா!

தாருணி: மரத்தம்மாவா? அது யாரு?

சவாங்: பொதுவாச் சொன்னேன். ஊர்ல ஏகப்பட்ட மரம், ஏகப்பட்ட அம்மா...

தாருணி: நிறுத்துங்க! நிறுத்துங்க! அதோ, அரிசி மில்லு. அதுக்குப் பின்னாடி மரம். பட்டுத் துணி சுத்தி, கீழ மாடம். அடடா, செவலை நாய்! அப்படியே படுத்திருக்கு பாரு!

நரிசரா: வேற நாயா இருக்கும்மா. இதுக்குக் காது சின்னதா இருக்கு.

தாருணி: காதை நான் பார்த்ததா நான் சொல்லவே இல்லையே? கூடையை எடு. சோடாவை நான் எடுத்துக்கறேன்.

நரிசரா: அம்மா, உங்களுக்கு மூச்சு வாங்குது. கொஞ்சம் உக்காருங்க. வெயில் தாழட்டும்.

தாருணி: கடனைக் கட்டிட்டு உக்காருவேன். ட்ரைவர், நீங்க எங்க போறீங்க?

சவாங்: நேர்த்திக்கடனுக்குச் சாமி முன்னாடி ஆடுறவங்க ரெண்டு பேரைக் கூட்டிட்டு வரட்டுமாம்மா? பக்கத்துக் கோயில் வாசல்ல கூலிக்கு ஆடுற பொண்ணுங்க இருக்காங்க. கிரீடம், நகை எல்லாம் போட்டு ஜோரா ஆடுவாங்க.

தாருணி: வேண்டாம். கூலிக்கு ஆள் வெச்சு ஆடுறதா நான் சொல்லல. நானே ஆடுறேன்னு நேர்ந்துக்கிட்டேன்.

சவாங்: நீங்களா!

தாருணி: ஏன், ஆடக் கூடாதா? சின்ன வயசுல பள்ளிக்கூட விழாவுல எல்லாரும் என்னைத்தான் பார்த்தாங்க.

சவாங்: இப்பவும் பார்ப்பாங்கம்மா.

தாருணி: வாயை மூடுங்க. பொண்ணே, சோடா மூடியைத் திற. ஒரு உறிஞ்சுகுழலைப் போட்டு மாடத்துல வை. சாமி எப்படி மூடியோட குடிக்கும்? முட்டையை இந்தத் தட்டுல... ஏய், கூடையை ஏன் கட்டிப் பிடிச்சுக்கிட்டு நிக்கறே?

நரிசரா: வைக்காதீங்கம்மா.

தாருணி: என்னது?

நரிசரா: முட்டையை வைக்காதீங்க. நேர்த்திக்கடனே இல்ல. நீங்க கேட்டது நடக்கல.

தாருணி: நடக்கலைன்னு உனக்கு யாரு சொன்னது?

நரிசரா: அவங்க பிரியல. உங்க மகன் பொய் சொன்னார். சண்டை தாங்காம சொன்னார். போன மாசம் ரெண்டு பேரும் கல்யாணத்தைப் பதிவு பண்ணிட்டாங்க. சவாங் மாமாதான் சாட்சி.

சவாங்: மரத்தம்மா, நான் வண்டி ஓட்டுறவன். கையெழுத்துப் போடச் சொன்னாங்க, போட்டேன். வேற ஒண்ணும் தெரியாது.

நரிசரா: அந்தத் தர்பூசணி நான்தான்... அத்தை. காலையில இருந்து உங்களைத் தப்புத் தப்பா கூட்டிட்டுப் போனேன். இந்த இடம் எனக்குத் தெரியும். நீங்க இங்க முட்டையை வெச்சுட்டா மரத்தம்மா எங்களை நிஜமாவே பிரிச்சுடுமோன்னு பயம். இப்பவும் பயமா இருக்கு. உங்களைப் பார்த்தும் பயமா இருக்கு. ஆனா அவரை விட்டுட்டு என்னால இருக்க முடியாது. நாலு வார்த்தை திட்டுங்க, தாங்கிக்கறேன். ஏதாவது சொல்லுங்க...

தாருணி: என்னத்தைச் சொல்ல? அவன் போன்ல உங்க கல்யாணப் படத்தைப் பார்த்துட்டுதாண்டி, இந்தப் பொண்ணுதான் வழிகாட்டியா வேணும்னு கேட்டுக் கூப்பிட்டேன். இந்த இடமும் எனக்கு மறக்கல. நீ என்னை எவ்வளவு தூரம்தான் சுத்த விடுவேன்னு பார்த்தேன், நல்லாத்தான் சுத்த விட்டே. 'முடிஞ்சு போச்சு'ன்னு சொன்னதுல இருந்து அவன் என் முகத்தைப் பார்த்து ஒரு வார்த்தை பேசல. வீடு வீடாவே இல்ல, எனக்கு ஒரு வாய் சோறு இறங்கல. யாருக்கும் தெரியாம தனியா பஸ் ஏறி இதே மரத்தடிக்கு வந்தேன். 'போன தடவை கேட்டதைத் தூக்கிப் போடு தாயே, அவங்களைச் சேர்த்து வை'ன்னு அழுதேன். அது நடந்துருச்சு. அந்தக் கடனைத்தான் கட்ட வந்திருக்கேன். ஆனா அதை நான் ஒருத்தியாக் கட்ட முடியாதே, நானும் என் மருமகளும் சேர்ந்து ஆடுறோம்னுல்ல நேர்ந்துக்கிட்டேன்... கூடையைக் கீழ வெச்சுட்டு செருப்பைக் கழட்டு, தேங்மோ.